திருமண அழைப்பிதழ்: அஞ்சலில் அனுப்புவதா, அலைபேசியில் அனுப்புவதா?

திருமணத் தேதி உறுதியானவுடன் பெரும்பாலான வீடுகளில் முதலில் நடப்பது அழைப்பிதழ் மாதிரிகளைப் புரட்டிப் பார்ப்பதுதான். அச்சிட்ட அட்டையா, மின்னழைப்பிதழா என்ற பேச்சும் அந்த மாதிரிகளை வைத்தே தொடங்கி, எது அழகு, எது செலவு குறைவு, எது இந்தக் காலத்துக்குப் பொருத்தம் என்று சுற்றிச் சுற்றி வந்து, கடைசியில் வீட்டில் யாருடைய குரல் ஓங்கியிருக்கிறதோ அவர் விருப்பப்படி முடிகிறது. இதைவிட நம்பகமான வழி ஒன்று உண்டு: அழைப்பிதழைப் பார்ப்பதற்கு முன்னால் அழைக்கப்பட வேண்டியவர்களின் பட்டியலைப் பாருங்கள். ஓர் அழைப்பிதழ் இரண்டு வேலைகளைச் செய்தாக வேண்டும். விவரங்கள் பிழையில்லாமல் உரியவரிடம் போய்ச் சேர வேண்டும். பெற்றுக்கொண்டவர், தம்மை நினைத்து அழைத்திருக்கிறார்கள் என்று உணர வேண்டும். இந்த இரண்டும் எந்த வழியில் நடக்கும் என்பது ஆளுக்கு ஆள் மாறும். எனவே பட்டியல் முழுவதற்கும் ஒரே விடையைத் தேடாமல், ஒவ்வொரு பெயருக்கும் உரிய வழியைக் கண்டுபிடிப்பதே சரியான தொடக்கம்.

பட்டியலைப் பிரித்தல்

ஒரு விரிதாளைத் திறந்து, ஆள் கணக்கில் எழுதாமல் வீட்டுக் கணக்கில் எழுதுங்கள். நான்கு பேர் உள்ள குடும்பத்துக்கு ஓர் அழைப்பிதழ் போதும் என்பதால், விருந்தினர் எண்ணிக்கையை வைத்து அச்சடித்தால் அட்டைகள் மிஞ்சிக் கிடக்கும். ஒவ்வொரு வீட்டுக்கும் எதிரே அழைக்கப்படுவோர் எண்ணிக்கை, அஞ்சல் முகவரி, அலைபேசி எண், மின்னஞ்சல், அவர்கள் வசதியாக வாசிக்கும் மொழி, அவர்களோடு நேரடியாகப் பேசக்கூடியவர் யார் என்பது ஆகியவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். இந்த வேலை முடியும்போதே பாதி முடிவு தானாக வெளிப்பட்டுவிடும். சிலருடைய முகவரி உங்களிடம் இருக்காது, சிலருடைய எண் மாறிப்போயிருக்கும்.

அடுத்து ஒவ்வொரு பெயரையும் அச்சு கட்டாயம், மின்னழைப்பிதழ் போதும், இரண்டும் தேவை என்று மூன்றாகப் பிரியுங்கள். இங்கே பலரும் வயதை மட்டும் வைத்துத் தீர்மானிக்கிறார்கள். நாள் முழுவதும் அலைபேசியில் உறவினர்களோடு பேசிக்கொண்டிருக்கும் முதியவரும் உண்டு. அடிக்கடி வீடு மாற்றுவதால் எந்த அஞ்சலும் கைக்கு வந்து சேராத இளைஞரும் உண்டு. நீங்கள் கேட்க வேண்டியது, கடந்த சில மாதங்களில் இவரோடு எந்த வழியில் தொடர்பு வைத்திருந்தீர்கள், அந்த வழியில் அனுப்பிய செய்திக்கு அவர் பதில் தந்தாரா என்பதுதான். திறன்பேசி இல்லாதவர்கள், கண்பார்வை மங்கியவர்கள், அழைப்பிதழைக் கையில் வாங்குவதையே அழைப்பாகக் கருதுபவர்கள், அதை நினைவாக எடுத்து வைப்பவர்கள் ஆகியோருக்கு அச்சிட்ட அட்டை கட்டாயம் போக வேண்டும். வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு முதலில் மின்னழைப்பிதழ் போவது நல்லது. விமானச் சீட்டும் விடுப்பும் ஏற்பாடு செய்ய அவர்களுக்குக் காலம் தேவை. விசாவுக்கு விண்ணப்பிக்க வேண்டியவர்கள் தூதரகத்தில் காட்டுவதற்காக அழைப்பிதழின் பிரதி கேட்கக்கூடும் என்பதால், முழுப் பெயர், தேதி, மண்டபத்தின் முழு முகவரி அடங்கிய பிடிஎஃப் கோப்பு ஒன்று தயாராக இருக்கட்டும்.

இந்தப் பிரிவினையில் நான் மிகவும் வற்புறுத்த விரும்பும் ஒன்று உண்டு. கோடு போடுவதானால் வட்டங்களுக்கு இடையில் போடுங்கள், ஒரே வட்டத்துக்குள் போடாதீர்கள். மூன்று சகோதரர்களில் இருவருக்கு அட்டையும் ஒருவருக்கு வாட்ஸ்அப் படமும் போனால், அவர்கள் அதை ஒப்பிட்டுப் பார்க்காமல் இருக்க மாட்டார்கள். ஒரே அலுவலகத்தில் பக்கத்துப் பக்கத்து இருக்கையில் அமர்ந்திருப்பவர்களுக்கும் இது பொருந்தும். மனக்குறை எழுவது மின்னழைப்பிதழ் வந்ததால் அன்று. பக்கத்தில் இருப்பவருக்கு வேறு விதமாக வந்ததால்தான். உடன்பிறந்தோர் எல்லாருக்கும் அச்சு, பணியிட நண்பர்கள் எல்லாருக்கும் மின்வடிவம் என்று வட்டம் வட்டமாக முடிவு செய்துவிட்டால், யாருக்கும் விளக்கம் சொல்ல வேண்டிய நிலை வராது. மணமக்கள் இரு வீட்டாரும் இதை முன்கூட்டியே கலந்து பேசி ஒரே அளவுகோலை வைத்துக்கொள்வது இன்னும் முக்கியம்.

காகிதத்தைத் தேர்ந்தவர்களுக்கு

அச்சுச் செலவைப் பற்றி ஒரு தவறான கணக்கு பரவலாக இருக்கிறது. அட்டைகளின் எண்ணிக்கையைப் பாதியாகக் குறைத்தால் செலவும் பாதியாகும் என்று நினைக்கிறார்கள். ஆஃப்செட் முறையில் தகடு செய்வதும் இயந்திரத்தை ஆயத்தப்படுத்துவதும் எத்தனை அட்டை அடித்தாலும் மாறாத செலவு. எண்ணிக்கை கூடக் கூடத்தான் ஓர் அட்டையின் விலை இறங்கும். எனவே பட்டியலின் பெரும்பகுதியை மின்வடிவத்துக்கு மாற்றிவிட்டு மிகச் சிலருக்கு மட்டும் அச்சடிப்பதாக இருந்தால், தகடு தேவைப்படாத டிஜிட்டல் அச்சில் விலை கேளுங்கள். ஃபாயில் பொன்னெழுத்து, எழுத்துகள் புடைத்து நிற்கும் எம்போசிங் போன்றவற்றுக்குத் தனி அச்சுக்கட்டை செய்ய வேண்டியிருப்பதால், குறைந்த எண்ணிக்கையில் அவை அட்டைக்கு அட்டை மிகவும் கூடுதலாக விழும்.

அஞ்சலில் அனுப்பப்போகிறீர்கள் என்றால் எடையை வடிவமைப்பின்போதே கணக்கிடுங்கள். காகிதத்தின் தடிமனை அச்சகத்தார் ஜிஎஸ்எம் என்று சொல்வது, ஒரு சதுர மீட்டர் தாள் எத்தனை கிராம் என்பதைத்தான். ஏ0 அளவுத் தாள் சரியாக ஒரு சதுர மீட்டர். ஏ5 அதில் 32-இல் ஒரு பங்கு, ஏ6 அதில் 64-இல் ஒரு பங்கு. எனவே 300 ஜிஎஸ்எம் ஏ5 அட்டை ஒன்று ஏறத்தாழ 9.4 கிராமும், பதில் எழுதி அனுப்புவதற்கான ஏ6 அட்டை 4.7 கிராமும் இருக்கும். ஏ5 அட்டை மடிக்காமல் உள்ளே போகும் சி5 உறை, கனமான 120 ஜிஎஸ்எம் தாளில் செய்யப்பட்டிருந்தால், அதுவே 10 கிராமை ஒட்டி வரும். மூன்றையும் சேர்த்தால் 24 கிராம் ஆகிறது. பல நாடுகளில் கடிதக் கட்டணத்தின் முதல் எடை வரம்பு 20 கிராமோடு முடிந்துவிடுவதால், இந்தச் சிறு வேறுபாடு ஒவ்வொரு உறைக்கும் அடுத்த படிக் கட்டணத்தைக் கொண்டுவந்துவிடும். பதில் அட்டையை விட்டுவிட்டு உறையை 90 ஜிஎஸ்எம்முக்கு இறக்கினால் மொத்தம் 20-க்குள் அடங்கிவிடும். அழகில் எதுவும் குறையாது.

சதுர வடிவ உறை, அரக்கு முத்திரை, நாடா முடிச்சு, உள்ளே துருத்திக்கொண்டிருக்கும் அலங்காரம் ஆகியவை அஞ்சல் பிரிக்கும் இயந்திரங்களில் சீராக ஓடுவதில்லை. அவை கையால் பிரிக்கப்பட வேண்டியிருப்பதால் சில நாடுகளில் கூடுதல் கட்டணம் உண்டு; அதைவிடப் பெரிய இழப்பு, வழியில் கிழிந்தோ நசுங்கியோ போவது. பளபளப்பான உறைகளில் பேனா மை ஒட்டாமல் தேய்ந்துபோகும். உறைகளை மொத்தமாக வாங்கும் முன் ஒன்றில் முகவரி எழுதி, சற்று நேரம் கழித்து விரலால் தேய்த்துப் பாருங்கள். எல்லாம் தயாரானதும் ஓர் உறையை முழுமையாக அடைத்து, அஞ்சல் நிலையத்தில் எடை போட்டு, உங்கள் முகவரிக்கே அனுப்பிவையுங்கள். எத்தனை நாளில் வருகிறது, எந்த நிலையில் வருகிறது என்பதை அந்த ஒரு சோதனை காட்டிவிடும். அனுப்புநர் முகவரியை எல்லா உறைகளிலும் எழுதுவது அவசியம். திரும்பி வந்த உறை, முகவரி தவறு என்று உங்களுக்குச் சொல்லிவிடும். எங்கோ தங்கிப்போன உறையைப் பற்றி நீங்கள் அறியவே முடியாது.

மெய்ப்பு பார்ப்பதில் மட்டும் அவசரமே கூடாது. தேதியையும் கிழமையையும் நாட்காட்டியோடு ஒப்பிடுங்கள். காலையா மாலையா என்பது தெளிவாக இருக்கிறதா என்று பாருங்கள். அச்சிட்டிருக்கும் தொலைபேசி எண்ணுக்கு அந்த மெய்ப்பைப் பார்த்தபடியே அழைத்துப் பாருங்கள். எழுதியவரின் கண் பிழையைத் தாண்டிப் போய்விடும் என்பதால், அந்த வாசகத்தை முன்பு பார்த்திராத ஒருவரிடம் கொடுத்து வாய்விட்டு வாசிக்கச் சொல்லுங்கள். தமிழில் அச்சிடும்போது கூடுதலாக ஒரு கவனம் தேவை. நீங்கள் யுனிகோடில் தட்டச்சு செய்து அனுப்பிய வாசகத்தை அச்சகத்தார் பழைய எழுத்துருவுக்கு மாற்றும்போதோ, இந்திய மொழிகளுக்கான அமைப்பு செயல்படாத மென்பொருளில் ஒட்டும்போதோ, கொ, கோ, கௌ போன்று இருபுறமும் குறி வரும் எழுத்துகள் உடைந்துபோகும்; ஒற்றைக்கொம்பு எழுத்துக்கு முன்னால் நிற்காமல் பின்னால் போய் நிற்கும். மணமக்கள் பெயரிலேயே இப்படி நேர்ந்துவிட்டால் அந்த வருத்தத்தை எதுவும் ஈடுசெய்யாது. அலைபேசிக்கு வரும் மாதிரிப் படத்தில் ஒப்புதல் தராமல், தாளில் அடித்த மெய்ப்பைக் கேட்டு வாங்கிப் பார்த்த பிறகே சரி என்று சொல்லுங்கள். திரையில் ஒளிரும் பச்சையும் நீலமும் அச்சில் மங்கலாகத்தான் வரும் என்பதையும் அந்தத் தாளிலேயே கண்டுகொள்ளலாம்.

சுற்றுச்சூழலைக் கருதிக் காகிதத்தைத் தவிர்க்க நினைப்பவர்களுக்கு ஒரு சொல்: காகிதம் மறுசுழற்சிக்கு உரிய பொருள்தான்; அதன்மேல் ஒட்டும் பிளாஸ்டிக் லேமினேஷனும் மினுக்குத் தூளும்தான் அதைத் தடுக்கின்றன. பூச்சில்லாத தாளில் அடித்தாலே அந்தத் தடை நீங்கிவிடும்.

மின்னழைப்பிதழைச் செம்மையாக அனுப்புதல்

மின்வடிவத்தில் படம், பிடிஎஃப், காணொளி, இணையப் பக்கம் என்று பல வகைகள் இருக்கின்றன. செங்குத்தான ஒரே படமும், அதன் கீழே தட்டச்சு செய்த முழு விவரமும் சேர்ந்ததே பெரும்பாலோருக்குப் போதுமானது என்பது என் கருத்து. காணொளி அழகாக இருந்தாலும், தேதியும் மண்டபத்தின் பெயரும் சில நொடிகளில் ஓடி மறைந்துவிடும். திருமணத்தன்று காலையில் நேரத்தைச் சரிபார்க்க விரும்புபவர் அதை மறுபடியும் முதலிலிருந்து ஓடவிட வேண்டும். விவரத்தை எழுத்தாகவும் அனுப்புவதற்கு வலுவான காரணம் இருக்கிறது. பார்வையற்றோர் பயன்படுத்தும் திரைவாசிப்பான்கள் எழுத்தைத் தடையின்றி வாசிக்கும். படத்துக்குள் இருக்கும் எழுத்தை அவை சரியாக வாசிக்கும் என்று நம்பியிருக்க முடியாது. மற்றவர்களும் பல நாள் கழித்து மண்டபத்தின் பெயரைத் தேடி எடுக்கவும், எண்ணைத் தொட்டு அழைக்கவும் எழுத்துதான் உதவும். வாட்ஸ்அப் படங்களைச் சுருக்கி அனுப்புவதால் சிறிய எழுத்துகள் கலங்கித் தெரியக்கூடும். உயர்தர அமைப்பிலோ ஆவணமாகவோ அனுப்பினால் தெளிவு கெடாது.

குழுவில் ஒரே முறை போட்டுவிட்டு வேலை முடிந்தது என்று விட்டுவிடாதீர்கள். குழுவில் வந்த அழைப்பைத் தமக்கு வந்த அழைப்பாக யாரும் எடுத்துக்கொள்வதில்லை. ‘எல்லாருக்கும் போட்டிருக்கிறார்கள்’ என்றுதான் கடந்து செல்வார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியே, முறை சொல்லி, பெயர் சொல்லி இரண்டு வரி எழுதி அனுப்புங்கள். இதற்கு நேரம் பிடிக்கும் என்பது உண்மை. ஆனால் அச்சிட்டிருந்தால் அதே அளவு நேரத்தை உறைகளில் முகவரி எழுதுவதற்குச் செலவிட்டிருப்பீர்கள். அந்த உழைப்பை இங்கே மிச்சம் பிடிக்கப் பார்ப்பதால்தான் மின்னழைப்பிதழுக்கு மரியாதைக் குறைவு என்ற பெயர் வந்தது. நெருங்கியவர்களுக்கு முதலில் தொலைபேசியில் பேசி அழைத்துவிட்டு, பேச்சு முடிந்தவுடன் அழைப்பிதழை அனுப்பினால், காகிதம் இல்லாத குறை பெரும்பாலும் தெரியவே தெரியாது.

பெரிய பட்டியல் உள்ளவர்கள் ஒரே செய்தியைப் பலருக்கும் தனித்தனியாகச் சேர்க்கும் வாட்ஸ்அப்பின் பிராட்காஸ்ட் வசதியை நாடலாம். ஒரு பட்டியலில் 256 பேர் வரைதான் சேர்க்க முடியும் என்பதையும், உங்கள் எண்ணைத் தம் தொடர்புகளில் சேமித்து வைத்திருப்பவருக்கு மட்டுமே அந்தச் செய்தி போய்ச் சேரும் என்பதையும் மறந்துவிடக் கூடாது. சேமிக்காதவருக்குப் போகவில்லை என்ற தகவலும் உங்களுக்கு வராது. மின்னஞ்சலில் அனுப்புபவர்கள், தனிநபர் ஜிமெயில் கணக்கிலிருந்து ஒரு நாளில் 500 பேருக்கு மேல் அனுப்ப இயலாது என்பதையும், ஒரே நேரத்தில் நூற்றுக்கணக்கானோருக்குப் போகும் கடிதம் ஸ்பேம் பெட்டியில் விழ வாய்ப்பு அதிகம் என்பதையும் கருதிச் சிறு சிறு பகுதிகளாக அனுப்புவது நல்லது.

திருமண அழைப்பிதழ் என்ற பெயரில் ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு அலைபேசியில் செயலியை நிறுவும் கோப்பு) அனுப்பி, அதை நிறுவியவரின் அலைபேசியிலிருந்து தகவல்களையும் பணத்தையும் திருடும் மோசடி நடந்துவருகிறது. ஆகவே எச்சரிக்கையான விருந்தினர் உங்கள் அழைப்பைத் திறக்கத் தயங்கினால் அது நியாயமானதே. அவர்களுக்குத் தெரிந்த எண்ணிலிருந்து, முதலில் ஒரு தனிச் செய்தி எழுதிவிட்டு, படமாகவோ பிடிஎஃப் ஆகவோ அனுப்புங்கள். எதையும் நிறுவச் சொல்லும் சேவையையும், எங்கே போகிறது என்று தெரியாத சுருக்கப்பட்ட இணைப்பையும் தவிர்த்துவிடுங்கள். மின்னழைப்பிதழ் யாருக்கும் முன்னனுப்பப்படலாம் என்பதால், வீட்டு முகவரியையும் குழந்தைகளின் விவரங்களையும் அதில் சேர்க்காதீர்கள். இணையப் பக்கம் வைத்திருந்தால் கடவுச்சொல் போடுங்கள், தேடுபொறிகளில் வராதபடி அமைத்துவிடுங்கள்.

இரண்டையும் இணைப்பது

அச்சு அட்டையில் க்யூஆர் குறியீடு ஒன்றைச் சேர்த்தால், வரைபடமும் வருகை உறுதி செய்யும் படிவமும் அட்டையிலிருந்தே கிடைத்துவிடும். ஜப்பானின் டென்சோ நிறுவனம் 1994-இல் வாகன உதிரிப் பாகங்களைக் கண்காணிக்க உருவாக்கிய இந்தக் குறியீட்டில் பிழை திருத்தும் தரவும் உள்ளடங்கியிருக்கிறது. தேர்ந்தெடுக்கும் நிலையைப் பொறுத்துச் சுமார் 7 முதல் 30 சதவீதம் வரை சிதைந்தாலும் அதைப் படிக்க முடியும். நடுவில் மணமக்களின் முதலெழுத்துகளைப் பொறிக்க விரும்பினால் உச்ச நிலையைத் தேர்ந்தெடுங்கள். நீளமும் அகலமும் 2 சென்டிமீட்டருக்குக் குறையாமல், வெளிர் நிறப் பின்னணியில் அடர் நிறத்தில், சுற்றிலும் குறியீட்டின் சிறு சதுரக் கட்டங்கள் நான்கின் அளவுக்கு வெற்றிடம் விட்டு அச்சிட வேண்டும். பொன்னிற ஃபாயிலில் அடித்தால் ஒளி எதிரொளித்துப் பல கேமராக்கள் தடுமாறும். இலவசச் சேவைகள் தரும் மாறும் வகைக் குறியீடுகள் அந்தச் சேவையின் வழியாகவே இயங்குவதால், சோதனைக் காலம் முடிந்ததும் நின்றுபோகலாம். உங்கள் பக்கத்தின் முகவரியையே நேரடியாகக் கொண்ட நிலையான குறியீட்டைப் பயன்படுத்தினால் அந்தக் கவலை இல்லை.

எதை அச்சிடுவது, எதை இணையப் பக்கத்தில் வைப்பது என்பதற்கு எளிய விதி: மாற வாய்ப்பில்லாததை மட்டும் அச்சிடுங்கள். பெயர்கள், தேதி, நேரம், மண்டபம் ஆகியவை அட்டையில் இருக்கட்டும். தங்குமிடம், போக்குவரத்து, வாகன நிறுத்தம், மற்ற நிகழ்ச்சிகளின் நேரம் ஆகியவை மாற்றக்கூடிய பக்கத்தில் இருக்கட்டும். 2020-இல் பெருந்தொற்றினால் ஏராளமான திருமணங்கள் தள்ளிப்போனபோது, விருந்தினர்களின் எண்களையும் மின்னஞ்சல்களையும் தொகுத்து வைத்திருந்தவர்களால்தான் செய்தியை விரைவாகச் சொல்ல முடிந்தது. அச்சு மட்டுமே போகும் வீடுகளுக்கும் தொடர்பு எண் பட்டியலில் இருக்க வேண்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

காலத்தைத் திருமண நாளிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். வருகையை உறுதி செய்யும் கடைசி நாள் மூன்று வாரம் முன்னதாகவும், அழைப்பிதழ் கைக்குப் போய்ச் சேரும் நாள் ஆறு முதல் எட்டு வாரம் முன்னதாகவும் இருக்கலாம். வடிவமைப்பு, மெய்ப்பு, அச்சு ஆகியவற்றுக்கு அதற்கு முன் குறைந்தது ஒரு மாதம் வேண்டும். தொலைவிலிருந்து வருபவர்களுக்குத் தேதியை மட்டும் சொல்லும் முன்னறிவிப்புச் செய்தியைத் தேதி உறுதியானதுமே அனுப்பிவிடலாம்.

பதில்கள் எந்த வழியில் வந்தாலும் ஒரே விரிதாளில், ஒருவருடைய பொறுப்பில் சேர வேண்டும். நீலக் குறி விழுந்ததையும், இதயப் பொத்தான் அழுத்தியதையும் வருகிறேன் என்ற பதிலாக எண்ணிவிடாதீர்கள். எத்தனை பேர் வருகிறீர்கள் என்று எண்ணைக் கேட்டு வாங்கிக் குறித்துக்கொள்ளுங்கள். கடைசி நாள் கடந்தும் பதில் வராதவர்களுக்கு இன்னொரு செய்தி அனுப்பாமல் தொலைபேசியில் பேசுங்கள். திருமணத்துக்கு மூன்று நாள் முன்னதாக, மண்டபத்தின் நுழைவாயிலைச் சரியாகக் காட்டும் வரைபட இணைப்போடு ஒரு நினைவூட்டலை எல்லாருக்கும் அனுப்பிவிட்டு, அட்டை மட்டும் பெற்றுக்கொண்ட பெரியவர்களுக்கு, அவர்களோடு நேரடியாகப் பேசக்கூடியவர் என்று பட்டியல் எழுதியபோதே குறித்து வைத்தவரைக் கொண்டு, வழியும் நேரமும் சொல்லச் சொல்லுங்கள்.